கடைசியில் சொன்ன பேர்

அந்தக் கிராமபோன் பிளேட்டு இன்னும் என்னிடம் இருக்கிறது. விளிம்பு கொஞ்சம் உடைந்திருக்கிறது. பாட்டுக்கு ஒன்றும் ஆகவில்லை. நடுவில் ஒட்டிய சிவப்புக் காகிதத்தில் ஒரு சினிமா நடிகையின் பேர். அந்த அம்மாளுக்கு ஒரு அடி பாட வராது. பாடியது என் அக்கா. எந்தக் கோயிலில் வேண்டுமானாலும் சூடம் அணைத்துச் சொல்வேன்.

மதுரையில் நாடகங்களில் பாடிக்கொண்டிருந்த அக்காவை, டாக்கி எடுப்பவர்கள் இரவல் குரலுக்குக் கூப்பிட்டார்கள். நடிகை வாயசைக்க, அக்கா மறைவில் நின்று பாடவேண்டும். படத்தில் அவள் பேரைப் போடவில்லை. சரி, தொலையட்டும் என்று பொறுத்தாள். அதே பாட்டைப் பிளேட்டில் பதிய அழைத்தபோது நானும் துணைக்குப் போனேன். பாட்டு முடிந்ததும் பாடியவர் தம் பேரைத் தாமே சொல்லி முடிப்பது பழைய பிளேட்டுகளில் ஒரு வழக்கம். அந்தப் பழக்கத்தில் அக்காவும் கடைசி அடியைப் பாடிவிட்டு, கணீரென்று தன் பேரைச் சொல்லிவிட்டாள். பிளேட்டுக் கம்பெனி முதலாளி துள்ளி எழுந்தார். “அடக் கெடுத்தியே! உன் பேரை யாரு கேட்டா? அந்தம்மா பேரைச் சொல்லு. இல்லாட்டி வேற ஆளு பாடட்டும்.” அங்கே இருந்த வாத்தியக்காரர்கள் மறுபடியும் சுருதி சேர்க்க ஆரம்பித்துவிட்டார்கள். என்ன மனிதர்களோ! அக்கா மறுபடியும் பாடினாள். அந்தப் பேரையும் சொன்னாள்.

குதிரைவண்டியில் திரும்பும்போது நான் சண்டை பிடித்தேன். “எப்படிக்கா மனசு வந்துச்சு?”

“அது என் பாட்டுடி. இன்னொருத்தி பாடட்டும்னு தூக்கிக் குடுக்க முடியல,” என்றாள்.

பிறகு பேரையூரில் ஒரு சொந்தக்காரர் கல்யாணம். பந்தலில் குழாய் கட்டி அந்தப் பிளேட்டைப் போட்டார்கள். சாப்பிடுகிற கையை நிறுத்திவிட்டு ஜனம் கேட்டது. அக்காவுக்குப் பூரிப்புத் தாங்கவில்லை. பக்கத்து இலையில் இருந்த மாமாவிடம், “நாந்தான் மாமா பாடுனேன்,” என்றாள். அதற்குள் பாட்டு முடிந்து அந்தப் பேர் வந்தது. மாமா விழுந்து விழுந்து சிரித்தார். “அந்தம்மாவே பேரு சொல்லுது, நீ எம்புட்டுப் புளுகுற!” பந்தியே சிரித்தது. அக்காவைப் பொய்க்காரி ஆக்கியது அக்காவின் குரலேதான். சொல்ல வைத்தவன் நாசமாய்ப் போக! அதற்குப் பிறகு அதைத் தன் பாட்டென்று அவள் யாரிடமும் சொன்னதில்லை.

அக்கா போய்ச் சேர்ந்து வெகுகாலமாயிற்று. இன்றும் பிளேட்டைப் போட்டால், கடைசி அடி முடிந்ததுமே முள்ளைத் தூக்கிவிடுவேன். அந்தப் பேர் என் வீட்டில் கேட்கக் கூடாது. அந்த இடத்தில் அக்காவின் பேரை நானே உரக்கச் சொல்வேன். போன வாரமும் சொன்னேன். உள்ளேயிருந்து என் பேத்தி எட்டிப் பார்த்து, “யாரு அப்பத்தா அது?” என்றாள்.