முளைவிட்ட கடவுச்சீட்டு

இன்று காலை மகன் விதைநெல் மூட்டையைத் தண்ணீரிலிருந்து தூக்கி வைத்தான். ஈரச் சாக்கும் முளைநெல்லும் கலந்த அந்தப் புளித்த மணம் குசினிவரை வந்தது. எனக்கு அது மூக்கில் பட்டால் இப்போதெல்லாம் கடவுச்சீட்டுத்தான் ஞாபகம் வருகிறது. சிரிக்காதீர்கள், சொல்கிறேன்.

இடம்பெயர்ந்து திரிந்த காலத்தில் காணி உறுதி, பிறப்புப் பதிவு எல்லாவற்றையும் பொலித்தீனில் சுற்றி விதைநெல்லுக்குள் புதைத்து வைப்பேன். எதை விட்டு ஓடினாலும் விதைநெல்லை விட்டு ஓடமாட்டோம் அல்லவா? சண்டை முடிந்து அலுமாரி வாங்கிய பிறகும் அந்தப் பழக்கம் போகவில்லை. திருச்சியில் இருக்கும் தங்கச்சியைப் பார்க்கவென்று எடுத்த கடவுச்சீட்டும் அங்கேதான் கிடந்தது. பொலித்தீனை எலி கடித்திருக்கிறது. போன காலபோக விதைப்புக்கு மகன் மூட்டையை அப்படியே ஊறப்போட்டுவிட்டான். மூன்றாம் நாள் அவிழ்த்தால், என் படத்தின் மேல் வெள்ளை வெள்ளையாக வேர் ஓடியிருக்கிறது.

அப்போது தங்கச்சியின் மகளுக்கு அடுத்த மாதம் கலியாணம் என்றிருந்தது. புதிதாக எடுக்கப் படிவம் நிரப்பியபோது மகன் பழையதைப் பார்த்து வாசித்தான்.

"தொழில், இல்லை."

அது இங்கிலீசில் இருந்ததால் அத்தனை வருஷமும் எனக்குத் தெரியாது.

"ஆர் அப்பிடி எழுதினது?"

"நான்தான் அம்மா. வேற என்னத்தை எழுதுறது?"

நான் ஆறு வயதில் முரசுமோட்டைக்கு வந்தவள். நெல்லில் குருவி கலைத்ததுதான் முதல் உத்தியோகம். ஐந்தாம் வகுப்பில் நெல் அறுக்கும் அருவி வெட்டுக்கு மறித்தார்கள்; அதோடு பள்ளிக்கூடம் முடிந்தது. கேள்வி கேட்ட இந்த மகனைப் பெற எனக்கு வலி எடுத்ததும் வரம்பில் நின்றபோதுதான்.

"விவசாயி எண்டு எழுது."

"அதுக்குக் கடிதம் கேப்பினம். அது எடுத்து வரச் சுணங்கும், கலியாணத்துக்குப் போகேலாது."

"போகாட்டிப் போகுது."

வெளியாள் வந்தால் கதவுக்குப் பின்னால் ஒளிகிறவள் நான். என் குரல் கோழிகளுக்கு மட்டும்தான் கேட்கும். அப்படிப்பட்ட நான், விவசாயிக்குக் கடிதம் கொடுக்கிற கமநலக் கந்தோரில் போய் நின்றேன்.

"காணி ஐயாவின்ர பேரிலயெல்லோ கிடக்கு?" என்றார் கதிரையில் இருந்தவர். ஐயா என்றது செத்துப்போன என் மனுசனை.

"ஓம். காணி அவற்ற பேரில. வேலை நானெல்லோ செய்தனான்."

நிலத்தைப் பார்த்துக்கொண்டுதான் சொன்னேன். ஆனால் சொன்னேன்.

நாளைக்கு வரச் சொன்னார். போனேன். பிறகும் வரச் சொன்னார். மூன்றாம் தரம் போய் அவர் மேசைக்கு முன்னால் கிடந்த மர வாங்கிலில் குந்திவிட்டேன். மத்தியானமாயிற்று. அவருடைய சோற்றுப் பார்சல் மீன்பொரியல் மணத்தது. என் முன்னால் அவிழ்க்க அவருக்கு வெட்கம். கடிதத்தில் கையெழுத்து வைத்துவிட்டுத்தான் கை கழுவப் போனார்.

வவுனியாக் கடவுச்சீட்டுக் கந்தோரில் இருந்த பெண் பழைய கடவுச்சீட்டைத் திறந்துவிட்டுத் திகைத்தாள்.

"அம்மா, இதென்ன முளைச்சுக் கிடக்கு?"

"விதைநெல், பிள்ளை."

"பாஸ்போட்டை ஆரும் விதைநெல்லுக்குள்ள வைப்பினமோ?"

"விவசாயி வேற எங்க வைக்கிறது?"

அவள் சிரித்துக்கொண்டே கடிதத்தை வாங்கினாள்.

மகன் சொன்னதுபோலவே புதியது கலியாணம் முடிந்துதான் கைக்கு வந்தது. பிறகுதான் திருச்சிக்குப் போய் மிஞ்சிய பலகாரம் தின்றேன். தங்கச்சி இரண்டு நாள் என்னோடு முகம் கொடுத்துக் கதைக்கவில்லை. அது எனக்குக் கவலைதான். ஆனாலும் மாற்றினது பிழை என்று இன்றைக்கும் சொல்லமாட்டேன்.

எங்கள் வயலில் ஒரு காலத்தில் ஏழு பெண்கள் வரிசையாக நின்று அருவி வெட்டினோம். இப்போது மெஷின் வந்து ஒரு பொழுதுக்குள் வெட்டிவிட்டுப் போகிறது. அந்த ஏழு பேரில் மிச்சம் நான்தான். மற்றவர்களுடைய அடையாள அட்டைகளில் தொழிலுக்கு நேரே என்ன இருந்ததென்று ஒருவரும் அவர்களுக்கு வாசித்துச் சொல்லவில்லை. அதைத் தெரியாமலே போய்ச் சேர்ந்தார்கள்.

எனக்குத் தெரியும். இங்கிலீசு படித்தவர்கள் வீட்டுக்கு வந்தால், கதவுக்குப் பின்னால் நிற்காமல் அலுமாரியைத் திறந்து புதுக் கடவுச்சீட்டை எடுத்துக் கொடுக்கிறேன்.

"இந்த இடத்தை ஒருக்காச் சத்தமா வாசியுங்கோ."