பூட்டுக்காரர் பேசி முடித்த வீடு

பூட்டை மாற்றச் சொல்லி வீட்டுக்காரர்கள் கூப்பிட்டால் பூட்டுக்காரர் போவார். ஆனால் போனவுடனே கருவிப் பெட்டியைத் திறக்கமாட்டார். குடியிருப்பவரையும் வீட்டுக்காரரையும் எதிரெதிரே தரையில் உட்காரவைத்து, இரண்டு வாயிலிருந்தும் "சரி" வந்தபிறகுதான் சுத்தியலைத் தொடுவார். பாதி நாள் பூட்டு மாற்றாமலே திரும்புவார். "பொழைக்கத் தெரியாத மனுஷன்!" என்று மனைவி தலையில் அடித்துக்கொள்வாள். ஆனால் கோர்ட்டுக்குப் போகவேண்டிய எத்தனையோ சண்டைகள் அவர் முன்னால் புஸ்ஸென்று அடங்கின. பேசி முடித்ததை அவர் யாருக்காகவும் மாற்றியதில்லை. அதனால்தான் அந்த மரியாதை.

அப்படித்தான் தையல்காரம்மா குடியிருந்த வீட்டுக்கும் போனார். முன்னறையில் தையல் மெஷின். பின்னறையில் பக்கவாதத்தில் படுத்த கணவர். மாடியில் இருந்த வீட்டுக்காரம்மாவுக்கோ, புருஷனைப் பிரிந்து இரண்டு பிள்ளைகளோடு வந்து நிற்கும் மகள். அவளுக்கும் மாடியில் இருந்த மருமகளுக்கும் ஒரு நாள்கூட ஒத்துவரவில்லை. இரண்டு பக்கமும் நியாயம் இருந்தால் பேசுவது லேசா? முன்னறையில் உட்கார்ந்து தொண்டைத் தண்ணி வற்றப் பேசினார்.

"முன்னறையை மகளுக்கு விட்டுடுங்க. மெஷினைப் பின்னாடி போட்டுக்கங்க. அவர் உசிரோட இருக்கிற வரைக்கும் பின்னறை உங்களுது. அப்புறம் காலி பண்ணிடணும்."

இரண்டு பெண்களும் "சரி" என்றார்கள். நடுக்கதவுக்குப் பூட்டுப் போட்டுவிட்டு, அன்று அவர் தலைகால் புரியாத சந்தோஷத்தோடு வீட்டுக்கு வந்தார். இரண்டு அறைக்கும் நடுவே வெறும் பலகைத் தடுப்புதான், படுத்திருப்பவருக்குக் காது நன்றாகக் கேட்கும் என்பது பாவி மனிதருக்கு உறைக்கவே இல்லை.

மழைக்காலத்தில் அந்தப் பூட்டு இறுகிக்கொண்டது. எண்ணெய் விடப் போனார். கணவர் எலும்பும் தோலுமாகக் கிடந்தார். முதுகெல்லாம் புண்.

தையல்காரம்மா குரலைத் தாழ்த்திக்கொண்டார். "முன்னெல்லாம் சீக்கிரம் போயிடணும்னு அழுவார்ணே. நீங்க பேசிட்டுப் போனதுலேர்ந்து ஊட்டறது எதையும் வேண்டாம்னு சொல்றதில்ல. வாந்தி எடுத்துட்டு மறுபடி வாயைத் திறக்கறார். வீட்டுக்காரம்மா தினம் 'எப்படி இருக்கார்'னு விசாரிக்கறாங்க. நல்ல மனசோடதான் கேக்கறாங்க. எனக்குத்தான் நாள் எண்ணற மாதிரி கேக்குது."

பூட்டுக்காரர் எண்ணெய்ப் புட்டியை அப்படியே வைத்துவிட்டு முன்பக்கம் ஓடினார். மகள் இருந்த முன்னறையில் பேரனைத் தூக்கிக்கொண்டு நின்ற வீட்டுக்காரம்மாவிடம், வாழ்க்கையில் முதல்முறையாக, முடிந்த பேச்சைத் திரும்ப எடுத்தார்.

"அவர் போனாலும் அந்தம்மா இங்கேயே இருக்கட்டுமேம்மா."

"இந்த ஒரே ரூம்ல சமைச்சு, இங்கேயே பிள்ளைங்களோட படுக்கறாண்ணே என் பொண்ணு. அப்புறம் கிடைச்சிடும்கிற நம்பிக்கையிலதான் பொறுத்துக்கிட்டிருக்கா. பேசினா பேசினதுதான்னு சொன்னது நீங்கதானே?"

அந்த அம்மாவைக் அவரால் குறை சொல்ல முடியவில்லை. தன் மேல்தான் ஆத்திரம் ஆத்திரமாக வந்தது.

பின்னறைக்குத் திரும்பினார். தையல்காரம்மா கணவருக்குக் கஞ்சி ஊட்டிக்கொண்டிருந்தார். படுத்திருந்தவர் பலகைத் தடுப்பையே பார்த்துக்கொண்டிருந்தார். கோணிய வாயிலிருந்து வார்த்தை இழுத்து இழுத்து வந்தது.

"ஒத்துக்கலையா?"

பூட்டுக்காரர் இல்லையென்று தலையாட்டினார். அன்று இந்த மனிதரை ஒரு வார்த்தை கேட்கவில்லையே என்று அப்போதுதான் அவருக்கு உறைத்தது.

"சரி" என்றார் படுத்திருந்தவர். பிறகு மனைவியின் பக்கம் முகத்தைத் திருப்பி, அடுத்த கரண்டிக்கு வாயைத் திறந்தார்.