ஓட்டுக்குப் போன வெண்ணெய்

எங்கள் வீட்டில் எருமை கறக்காத நாள் கிடையாது. ஒன்று வற்றினால் இன்னொன்று ஈன்றிருக்கும். தினம் விடிந்தால் நான் தயிர் கடைவேன். ஆனால் பத்துப் பன்னிரண்டு வருசம் எங்கள் சோற்றில் ஒரு சொட்டு நெய் விழுந்ததில்லை. மோர் எங்களுக்கு, வெண்ணெய் கடன் கொடுத்த மண்டிக்காரருக்கு. இதைச் சொன்னால் இந்தக் காலத்துப் பெண்கள் அவ்வளவு ஏமாளியாகவா இருந்தீர்கள் என்று கேட்கிறார்கள். இருந்தோம், இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் கடைசியில் ஜெயித்தது நாங்கள்தான். அந்தக் கதையைச் சொல்ல எனக்கு எத்தனை தடவையானாலும் அலுக்காது.

எல்லாம் கூரை ஓட்டில் ஆரம்பித்தது. நான் கல்யாணமாகி வந்தபோது ராசிபுரத்துக்கு மேற்கே இரண்டு மைல் தள்ளி இருந்த எங்கள் ஊரில் பாதிக்குமேல் ஓலைக் கூரைதான். எங்கள் வீடும் அப்படித்தான். வருசா வருசம் ஓலை மாற்றிச் சலித்துப்போய், என் வீட்டுக்காரர் சுவரை எடுத்துக் கட்டி ஓடு போட்டுவிடுவது என்று தீர்மானித்தார். கையில் இருந்தது சுவருக்கே சரியாகப் போய்விட்டது. மரத்துக்கும் ஓட்டுக்கும் நானூறு ரூபாய் வேண்டியிருந்தது. ராசிபுரத்தில் கடலைக்காய் மண்டி வைத்திருந்த ஒருவர், அந்த வீட்டையே அடமானமாக எழுதி வாங்கிக்கொண்டு பணம் கொடுத்தார். மாசம் நூற்றுக்கு ஒரு ரூபாய் வட்டி. அந்த நாளில் அது அநியாய வட்டி இல்லை, ஊரில் எல்லோரும் கொடுத்ததுதான்.

ஓடு போட்ட வருசம் எனக்குத் தலைகால் புரியவில்லை. மழை பெய்தால் வெளியே வந்து நின்று ஓட்டில் தண்ணீர் ஓடுவதைப் பார்ப்பேன். அடுத்த வருசமே கடலைக்காய் விலை படுத்துவிட்டது. எங்களுக்கு மட்டுமல்ல, நாடு முழுக்க அப்படித்தான் என்று பேசிக்கொண்டார்கள். மூட்டை மூட்டையாக விளைந்தது, கேட்பார் இல்லை. மாசம் நாலு ரூபாயைக் கையில் பார்ப்பதே பெரும்பாடாகிவிட்டது. வட்டி மூன்று மாதம் நின்றதும் வீடு போய்விடுமோ என்ற பயத்தில் என் வீட்டுக்காரர் சரியாகச் சாப்பிடவே இல்லை. மண்டிக்காரரிடம் போய்க் கையைக் கட்டிக்கொண்டு நின்றார்.

மண்டிக்காரர் கோபிக்கவில்லை. எருமை கறக்கிறதா என்று மட்டும் கேட்டார். கறக்கிறது என்றதும், காசுக்குப் பதிலாக வாரம் அரை வீசை வெண்ணெய் கொண்டுவந்து வீட்டில் கொடுத்துவிடு, வட்டிக்கு அது சரியாகப் போய்விடும் என்றார். அன்றைக்கு அரை வீசை, அதாவது முக்கால் கிலோவுக்குச் சற்றுக் குறைவான வெண்ணெய், சந்தையில் ஒரு ரூபாய்க்கு மேல் போகாது. வாரம் ஒரு ரூபாய், மாசம் நாலு. கணக்கு நேராகத்தான் இருந்தது. வீட்டுக்காரர் திரும்பி வந்து சொன்னபோது நான் அந்த மண்டிக்காரர் இருந்த திக்கைப் பார்த்துக் கும்பிட்டேன்.

அதற்குப் பிறகு கடன் என்ற நினைப்பே எங்களை விட்டுப் போய்விட்டது. அதுதான் நாங்கள் செய்த தப்பு. பெட்டியிலிருந்து பணம் எடுத்துக் கொடுத்தால் வயிறு எரியும், எவ்வளவு போயிற்று என்று மனசு எண்ணும். வெண்ணெய் கொடுத்தால் அது தெரிவதில்லை. காசா கொடுக்கிறோம், வெண்ணெய்தானே என்று நானே பக்கத்து வீட்டுக்காரியிடம் பெருமையாகச் சொல்லியிருக்கிறேன். எருமைக்குப் பருத்திக்கொட்டையும் புண்ணாக்கும் வாங்கிய காசை யாரும் வட்டியோடு சேர்த்துப் பார்க்கவில்லை. நான் கடைந்த கடைச்சலைச் சேர்த்துப் பார்க்கவில்லை. எருமை எங்கள் தொழுவத்தில் நின்றதே தவிர, அது மண்டிக்காரருக்குத்தான் கறந்துகொண்டிருந்தது.

சந்தைக்குச் சந்தை வெண்ணெயைத் தண்ணீர் ஊற்றிய போசிப் பாத்திரத்தில் போட்டு எடுத்துக்கொண்டு போவேன். பிற்பாடு பிறந்த என் மகளும் நடக்கத் தெரிந்த நாளிலிருந்து கூடவே வருவாள். மண்டிக்காரர் சம்சாரம் போசியிலிருந்து உருண்டையை எடுத்து, உள்ளங்கையில் வைத்துத் தண்ணீர் ஒரு சொட்டு மிஞ்சாமல் பிழிந்துவிட்டுத்தான் தராசில் வைப்பார். எப்போதும் கொஞ்சம் குறையும். அடுத்த வாரம் சேர்த்துக் கொண்டுவா என்பார். நாங்கள் நிற்கும்போதே உள்ளே அடுப்பில் போன வாரத்து வெண்ணெய் உருகிக்கொண்டிருக்கும். முருங்கையிலை பொரியும் வாசம் வாசல் வரைக்கும் வரும். என் மகள் மூக்கை உறிஞ்சுவாள். நான் அவள் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு வந்துவிடுவேன்.

நடுவில் ஒரு வருசம் கடலைக்காய் கொஞ்சம் விலை போனது. அசலில் ஐம்பது ரூபாய் கட்டிவிடலாம் என்று என் வீட்டுக்காரர் எடுத்துப்போனார். மண்டிக்காரர் வாங்கவில்லை. அசலுக்கு என்ன அவசரம், வெண்ணெய் ஒழுங்காக வந்தால் போதும், இந்தப் பணத்துக்கு ஒரு கன்றுக்குட்டி வாங்கிக்கொள் என்று அனுப்பிவிட்டார். எவ்வளவு பெரிய மனசு என்று இருவரும் மெய்மறந்துபோனோம். கன்றுக்குட்டியும் வாங்கினோம். அதுவும் வளர்ந்து அவருக்கே கறந்தது.

பிறகு சண்டை வந்தது. எங்கேயோ கடலுக்கு அப்பால் நடந்த சண்டைக்கு ராசிபுரம் சந்தையில் விலை ஏறியது. மண்ணெண்ணெய் ஏறியது, துணி ஏறியது, அரிசி கிடைக்காமலே போனது. இதையெல்லாம் நாங்கள் காசு கொடுத்து வாங்கினோம், அதனால் வலித்தது. வெண்ணெயை நாங்கள் விற்கவும் இல்லை, வாங்கவும் இல்லை. அது என்ன விலை போகிறது என்று கேட்க எங்களுக்கு ஒரு காரணமும் இருக்கவில்லை.

காரணத்தைக் கொண்டுவந்து கொடுத்தது மண்டிக்காரர் சம்சாரமேதான். வாழப்பாடியில் கட்டிக்கொடுத்திருந்த மகளுக்குப் பிரசவம் பார்க்க ஒரு மாசம் கிளம்பினார். வீட்டில் வெண்ணெய் உருக்க ஆள் இல்லை, வைத்திருந்தால் நாறிப்போகும். அதனால் இந்த மாசம் வெண்ணெய் வேண்டாம், சந்தையில் என்ன விலையோ அந்த விலைக்குக் காசாகக் கொடுத்துவிடு என்று சொல்லிவிட்டுப் போனார். அந்த அம்மாள் மட்டும் ஊருக்குப் போகாமல் இருந்திருந்தால், நான் இன்றைக்கும் போசியைத் தூக்கிக்கொண்டு நடந்துகொண்டிருப்பேன்.

அந்த வாரம் நான் முதல் தடவையாகச் சந்தையில் வெண்ணெய் விற்க உட்கார்ந்தேன். விலை சொல்லத் தெரியவில்லை. பக்கத்தில் இருந்தவள் என்ன சொன்னாளோ அதையே நானும் சொன்னேன். பேரம் முடிந்து மூன்று வெள்ளி ரூபாய் என் கையில் விழுந்தது. அரை வீசைக்கு மூன்று ரூபாய். தவறிக் கொடுத்துவிட்டார்களோ என்று பயந்து முந்தானையில் இறுக முடிந்துகொண்டேன். சந்தையிலிருந்து மண்டி வரைக்கும் அந்த முடிச்சு என் இடுப்பில் கனத்தது. மண்டிக்குப் போய் முடிச்சை அவிழ்த்து அந்த மூன்று ரூபாயையும் மண்டிக்காரர் கையில் வைத்தேன். அவர் எண்ணிக்கூடப் பார்க்காமல் மடியில் போட்டுக்கொண்டார்.

அப்போதுதான் எனக்குச் சுரீர் என்றது. ஒரு மாச வட்டி நாலு ரூபாய். ஒரு வாரத்துக்கே மூன்று ரூபாய் வாங்கிக்கொண்டு அவர் சும்மா உட்கார்ந்திருக்கிறார். அடுத்த வாரமும் வாங்குவார், அதற்கடுத்த வாரமும் வாங்குவார். வீட்டுக்கு வரும் வழியெல்லாம் விரலை மடக்கி மடக்கிப் பார்த்தேன். மாசம் எட்டு ரூபாய் அதிகமாகப் போகிறது. வருசத்தில் நூறு ரூபாய்க்குக் கிட்டத்தட்ட. அந்த நூறு ரூபாய் அசலில் கழிந்தால் நாலே வருசத்தில் கடன் இல்லை. கழியவில்லை, அதனால் நானூறும் அப்படியே இருக்கிறது. நாங்கள் சாகும்வரை இருக்கும், எங்களுக்குப் பிறகு எங்கள் மகளும் போசியைத் தூக்குவாள். வீட்டு வாசலில் நின்று கூரையை அண்ணாந்து பார்த்தேன். ஒரு ஓட்டுக்கு இரண்டு ஓட்டு விலை ஏற்கெனவே கொடுத்தாயிற்று. இன்னும் ஒரு ஓடுகூட எங்களுடையது இல்லை. எனக்கு வந்த ஆத்திரத்தில் அன்றைக்கு அடுப்புப் பற்றவைக்கவில்லை.

பத்திரத்தில் வெண்ணெய் என்று எழுதியிருக்கிறதா என்று என் வீட்டுக்காரரைக் கேட்டேன். இல்லை, மாசம் நாலு ரூபாய் என்றுதான் இருக்கிறது, வெண்ணெய் வாய்ப்பேச்சு என்றார். அப்படியானால் அந்த நாலு ரூபாயைக் கொடுப்போம் என்றேன். அவருக்கு வேர்த்துவிட்டது. கஷ்டத்தில் கைகொடுத்த மனுசரிடம் எந்த முகத்தை வைத்துக்கொண்டு பேசுவது என்றார். உங்களுக்கு முகம் இல்லையென்றால் என் முகத்தை வைத்துக்கொண்டு நான் பேசுகிறேன் என்று சொல்லிவிட்டேன். என் வாய் அப்படி. அந்த மாசம் முடிகிறவரை பொறுத்திருந்தேன். மிச்ச வாரங்களுக்கும் மூன்று மூன்று ரூபாயாகக் கொடுத்துவிட்டு, அடுத்த மாசம் பிறந்ததும் வெண்ணெய் இல்லாமல் இருவரும் மண்டிக்குப் போனோம்.

நான் நாலு ரூபாயைக் கணக்குப்பெட்டியின்மேல் வைத்துவிட்டு விசயத்தைச் சொன்னேன். மண்டிக்காரர் ரூபாயைத் தொடவில்லை. என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"வெண்ணெய்க்கு வெலையே இல்லாத காலத்துல நாந்தான வாங்கிக்கிட்டேன், அம்மிணி. இப்ப வெலை வந்துருச்சு, காசு வாங்கிக்கோங்கறயா?"

கேட்டது நியாயமில்லாத கேள்வி இல்லை. அதனால்தான் என் வீட்டுக்காரர் தலையைக் குனிந்துகொண்டார். நான் குனியவில்லை.

"அதுக்கு இன்னிக்கும் உங்களக் கும்புடறனுங்க. அன்னிக்கு ஒரு ரூவா பெறுமானம் வாங்குனீங்க, சரிங்க. இன்னிக்கு மூணு ரூவா வாங்கறீங்களே, அதுல மிச்ச ரெண்டு ரூவா எங்கீங்க போச்சு?"

அவர் முகம் மாறிவிட்டது. பத்திரத்தின் கெடு முடிந்து நாளாயிற்று, அவ்வளவு சட்டம் தெரிந்திருந்தால் நானூறு ரூபாய் அசலையும் மொத்தமாகக் கொண்டுவந்து வை, இல்லையென்றால் கோர்ட்டில் பார்த்துக்கொள்வோம், வீட்டை ஏலத்துக்குக் கொண்டுவருவேன் என்றார். எனக்குப் பயம் வந்தது உண்மை. நானூறு ரூபாய்க்கு எங்கே போவது? கட்டின வீட்டை என் வாயாலேயே தொலைத்துவிட்டேனோ என்று நினைத்தேன். ஆனாலும் வாய் முந்திக்கொண்டது.

"கோர்ட்டுக்குப் போலாமுங்க. அங்க வந்து நான் இந்த வெண்ணெய்க் கதையத்தான் சொல்லுவனுங்க. மொத வாரத்துல இருந்து சொல்லுவேன்."

அப்போது ஒன்று நடந்தது. அதுவரைக்கும் தரையைப் பார்த்துக்கொண்டு நின்ற என் வீட்டுக்காரர் நிமிர்ந்தார். "அவ சொல்றப்ப நானும் பக்கத்துல நிப்பனுங்க," என்றார். அவ்வளவுதான் சொன்னார். அந்த மனுசர் அந்த மண்டிக்குள் குரல் எழுப்பியது அதுதான் முதல் தடவை. எனக்கு அங்கேயே அவர் காலில் விழவேண்டும்போல் இருந்தது.

மண்டிக்காரர் பிறகு கோர்ட் பேச்சையே எடுக்கவில்லை. குடியானவன் வாங்கிய கடனில் எவ்வளவு வட்டி போயிருக்கிறது என்று கோர்ட்டில் கிளறிப் பார்க்க ஆரம்பித்திருந்த காலம் அது. எங்களுக்கு அது தெரியாது, மண்டிக்காரருக்குத் தெரிந்திருக்கிறது. இன்றைக்கு இருக்கிற புத்தி அன்றைக்கு இருந்திருந்தால், கொடுத்த வெண்ணெயையே திருப்பிக் கேட்டிருப்பேன். கடைசியில் அவர் அந்த நாலு ரூபாயை எடுத்துக்கொண்டார். வட்டியைக் காசாகவே கொடுங்கள், அசலை முடிந்தபோது முடிந்ததைக் கட்டுங்கள் என்றார். கட்டக் கட்டப் பத்திரத்தின் பின்பக்கத்தில் வரவு எழுதவேண்டும், நான் பார்க்க எழுதவேண்டும் என்று கேட்டேன். அதற்கும் தலையாட்டினார்.

அதற்குப் பிறகு வந்த மூன்று வருசமும் எனக்குத் திருவிழாதான். சந்தையில் எனக்கென்று ஒரு இடம் பிடித்துக்கொண்டேன். மண்டிக்காரர் சம்சாரம் செய்ததைப் போலவே, வாங்க வருகிறவர் கண்ணெதிரில் உருண்டையைப் பிழிந்து தண்ணீர் இல்லை என்று காட்டிவிட்டுத் தராசில் வைப்பேன். அந்த அம்மாளிடம் கற்றுக்கொண்ட தொழில் அது, நன்றி சொல்லத்தான் வேண்டும். என் வெண்ணெய்க்குக் காலணா அரையணா கூடவே கொடுத்தார்கள். கடலைக்காயும் விலை போயிற்று. வட்டி போக மிஞ்சியதையெல்லாம் அசலில் கொண்டுபோய்க் கொட்டினோம். அசல் குறையக் குறைய வட்டியும் குறைந்தது. வட்டி குறையக் குறைய அசலுக்கு அதிகம் போனது. அது கரைவதைப் பார்ப்பதில் இருந்த சந்தோசம் எனக்கு எந்த நகையிலும் கிடைத்ததில்லை. அப்போதும் வீட்டில் நெய் கிடையாதுதான். ஆனால் இந்தத் தடவை வேண்டாம் என்று சொன்னது நாங்கள்.

சண்டை ஓய்ந்த பிறகு வந்த ஒரு தை மாசம், கடைசிப் பணத்தைக் கட்டினோம். அசலும் வட்டியும் தீர்ந்துவிட்டன என்று பத்திரத்தில் எழுதிக் கையெழுத்துப் போட்டு மண்டிக்காரர் அதை என் வீட்டுக்காரரிடம் நீட்டினார். அவர் வாங்காமல் என்னைக் காட்டினார். நான் வாங்கினேன். பெருமைக்கென்ன, ஊர் வரும்வரை அதைக் கையிலேயே பிடித்துக்கொண்டு நடந்தேன். எதிரில் வந்தவர்கள் கேட்டாலும் கேட்காவிட்டாலும் சொன்னேன். வீட்டை நெருங்கியதும் கூரையை அண்ணாந்து பார்த்தேன். கணக்குப் பார்த்தால் ஒரு ஓட்டுக்கு மூன்று ஓட்டு விலை கொடுத்திருக்கிறோம். கொடுத்தோம், முடித்தோம், இனி அத்தனை ஓடும் எங்களுடையது.

அந்த வாரத்து வெண்ணெயை நான் சந்தைக்கு எடுத்துப்போகவில்லை. என் அடுப்பில் என் சட்டியை வைத்து உருக்கினேன். கொல்லையிலிருந்து ஒரு கொத்து முருங்கையிலை பறித்துப் போட்டேன். படபடவென்று பொரிந்தது. வெளியே விளையாடிக்கொண்டிருந்த என் மகள் ஓடிவந்தவள், வாசற்படியில் அப்படியே நின்றுவிட்டாள். உள்ளே வரவில்லை. யாரோ வந்திருக்கிறார்களா என்று சுற்றிப் பார்த்தாள்.

"ஏனுங்கம்மா, நம்மூட்டுல எதுக்கு மண்டிக்காரரூட்டு வாசம் அடிக்குது?"

கையில் இருந்த கரண்டியைக் கீழே வைத்தேன். என்னென்ன கொடுத்தோம் என்று விரல் மடக்கி அத்தனை கணக்குப் பார்த்தேனே, இது அதில் வரவே இல்லை. அழுகை முட்டிக்கொண்டு வந்தது, ஆனால் அன்றைக்கு அழுவதற்கு எனக்கு இஷ்டமில்லை. அவளைத் தூக்கிவந்து சோற்றுக்கு முன்னால் உட்காரவைத்து, சூடான நெய்யைச் சோற்றில் வழிய வழிய ஊற்றினேன்.

"இது நம்மூட்டு வாசந்தான் சாமி. இத்தன நாளா அவிங்க ஊட்டுல இருந்துச்சு. இன்னிக்குத்தான் வந்துருக்குது."

அவள் நம்பவில்லை. திருப்பிக் கொண்டுபோய்க் கொடுக்கவேண்டுமா என்று ஒரு தடவைக்கு இரண்டு தடவை கேட்டாள். வேண்டாம் என்று அவள் அப்பா சொன்ன பிறகுதான் சோற்றில் கையை வைத்தாள். அன்றைக்கு மூன்று தரம் சோறு வாங்கினாள்.