மூன்று துண்டுத் தூக்கம்

மைதிலிக்கு நாற்பத்தொரு வயது. திருச்செங்கோட்டுக்குத் தெற்கே இரண்டு ஏக்கர் மரவள்ளிக் குச்சிக்கிழங்குக் காடும் மூன்று எருமைகளும் அவள் பொறுப்பு. கணவன் கந்தவேல் போர்வெல் வண்டியோடு மத்தியப் பிரதேசத்தில் இருந்தான். அங்கே மழைக்காலத்தில்தான் ஊர் திரும்புவான்.

பள்ளியில் படிக்கும்போது நன்றாக ஓடியவள். சேலத்தில் முப்பத்தைந்து வயது தாண்டியவர்களுக்கு நடக்கும் மூத்தோர் தடகளப் போட்டிக்குப் பெயர் கொடுத்துவிட்டு, தினமும் விடிகாலையில் ஏரிக்கரையில் ஐந்து கிலோமீட்டர் ஓடினாள். நான்கு மாதமாகியும் முப்பத்தொரு நிமிடத்துக்குக் கீழே இறங்கவில்லை. முழங்கால் வலியும் விடவில்லை.

ஓய்வுபெற்ற விளையாட்டு ஆசிரியை செல்வமேரி முழங்காலை அமுக்கிப் பார்த்தார்.

“கால்ல ஒண்ணுமில்ல. ராத்திரி எத்தன மணி நேரம் தூங்கற?”

“ஆறு மணி நேரம் இருக்குமுங்க டீச்சர். ஆனா மூணு துண்டா.”

இரவு பதினொன்றுக்குத்தான் மும்முனை மின்சாரம் வரும். மோட்டார் போட வேண்டும். இரண்டு மணிக்கு மடை மாற்ற வேண்டும்.

“வெயில்ல உழைக்கற உடம்பு தூக்கத்துலதான் தன்னச் சரிபண்ணிக்கும். நீ பாதியில எழுப்பி உட்டர்ற.”

அதன் பிறகு பேருந்தில் வாய் திறந்து தூங்குகிறவர்களைக் கண்டாலும் அவளுக்குப் பொறாமையாக இருந்தது.

ஆடியில் கந்தவேல் வந்தான். “மடைய நான் பாத்துக்கறேன். நீ படு,” என்றான். கண் விழித்தபோது ஜன்னலில் வெயில். எருமைப் பால்கூடக் கறந்தாகிவிட்டது.

“ஏனுங்க, எழுப்பியிருக்கலாமில்லீங்க?”

“ரெண்டு தடவ வந்து பாத்தேன். வூடே இடிஞ்சாலும் நீ எந்திரிக்கறாப்பல தெரியல.”

பதினெட்டு நாள் அப்படித் தூங்கினாள். எருமைகளிடம் எரிந்து விழுவது நின்றது. முழங்கால் என்று ஒன்று இருப்பதே மறந்துபோனது. கடைசி நாள் இருபத்தெட்டு நிமிடத்தில் ஓடி முடித்தாள்.

மறுநாள் அவன் கிளம்பினான். போட்டிக்கு ஒன்பது நாள் இருந்தது.

“அதுவரைக்கும் மோட்டாரே போடாத. கெழங்கு தாங்கும்,” என்றான்.

அவள் போடவில்லை. இருந்தாலும் இரண்டு மணிக்கு விழிப்புத் தட்டியது. கை பக்கத்துப் பாயைத் தடவியது. காலியாக, சில்லென்று இருந்தது. அவன் கழற்றிப் போட்டுப் போன சட்டையைத் தலைக்கு வைத்துக்கொண்டு மறுபடி கண்ணை மூடினாள். வெகுநேரம் கழித்துத் தூக்கம் வந்தது.

சேலத்தில் மூன்றாவதாக வந்தாள். வெண்கலப் பதக்கத்தோடு மைதானத்தில் நின்றபடியே அவனை அழைத்தாள். கூட வேலை செய்யும் காளியண்ணன் எடுத்தார்.

“ரெண்டு நாளா கண்ணு மூடலீங்க. இப்பத்தான் படுத்தாரு. எழுப்பட்டுங்களா?”

அவன் குரலைக் கேட்கவேண்டும்போல இருந்தது.

“வேண்டாமுங்கண்ணா. தூங்கட்டும்.”

பதக்கத்தைப் பைக்குள் வைத்துக்கொண்டு திருச்செங்கோட்டுப் பேருந்தைத் தேடிப் போனாள்.