சந்தனப் பொட்டுக்குக் கீழே ஒரு மஞ்சள் விளக்கு

வியாழக்கிழமை காலை காரைத் துடைக்கப் போய்த்தான் எல்லாம் ஆரம்பித்தது. ஞாயிற்றுக்கிழமை கண்ணமங்கலத்திலிருந்து ஒருவர் வண்டி பார்க்க வருவதாக இருந்தது. பிடித்தால் அன்றைக்கே ஓட்டிக்கொண்டு போய்விடுவார். அவருக்கு வாக்குக் கொடுத்தவர் என் கணவர். என்னிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

எனக்கு வண்டியை விற்க இஷ்டமில்லை. ஆனாலும் அழுக்கு வண்டியை அந்நியர் முன்னால் நிறுத்த மனசு வரவில்லை. என் புத்தி அப்படி. துணியை நனைத்துக்கொண்டு இறங்கிவிட்டேன்.

அந்த வண்டி பழைய பெட்ரோல் கார். மூன்றாவது கைக்கு வந்தது. நாற்பத்து மூன்று வயதில் அதில்தான் ஓட்டக் கற்றுக்கொண்டேன். மலையில் இருக்கிறவர்களுக்குக் கீழே போவதென்றால் ஷேர் ஜீப்தான். ஆள் நிறையும்வரை ஜீப் நகராது, நிறைந்த பிறகு மூட்டையை மடியில் வைத்துக்கொண்டு மூட்டை மேல் இன்னொருவர் முழங்கையைத் தாங்க வேண்டும். கார் வந்த பிறகு திங்கட்கிழமை என்னுடைய நாளாயிற்று. புளியும் சாமையும் டிக்கியில் ஏற்றிக்கொண்டு கலசப்பாக்கம் போவேன். கடைகளில் போட்டுவிட்டு, நூலகத்தில் இரண்டு புத்தகம் மாற்றிக்கொண்டு, ஒரு டீயைத் தனியாக உட்கார்ந்து குடித்துவிட்டு ஏறி வருவேன். போக வர நூறு கிலோமீட்டர். அந்தத் தனி டீக்காகவே வாரத்தின் மற்ற ஆறு நாளையும் பொறுத்துக்கொள்ளலாம்.

என் கணவருக்கும் ஓட்டத் தெரியும். ஆனால் காட்டுக்கும் கழனிக்கும் அவருக்குப் பைக்தான். வண்டியைப் பற்றி அவருக்கு எப்போதும் ஒரு முணுமுணுப்பு. திங்கட்கிழமைகளில் அது கூடும். நான் செய்து மூடி வைத்துவிட்டுப் போகும் சோறு, சாயங்காலம் வந்து பார்த்தால் மூடியபடியே இருக்கும். குழம்பு பிடிக்கவில்லை போலிருக்கிறது என்று வாராவாரம் குழம்பை மாற்றிப் பார்த்தேன். ஒருநாள் கோபத்தில் ரசம் மட்டும் வைத்துவிட்டுப் போனேன். அதையும் தொடவில்லை.

அன்று பாட்டுக் கேட்பதற்காகச் சாவியைத் திருப்பி வைத்துவிட்டு உள்ளே துடைத்துக்கொண்டிருந்தேன். ஸ்டியரிங்குக்குப் பின்னால் வேகம் காட்டும் வட்டங்களின் கண்ணாடி மேல், ஆயுத பூஜைக்கு நான் வைத்த சந்தனப் பொட்டு காய்ந்து வெடித்திருந்தது. எங்கள் வீட்டில் பூஜைப் பொட்டைத் துடைக்க மாட்டோம், தானாக உதிர வேண்டும். பாதி உதிர்ந்துவிட்டதே, மீதியைத் துடைத்தால் சாமி கோபித்துக்கொள்ளாது என்று நானே தீர்ப்புச் சொல்லிக்கொண்டு துடைத்தேன். பொட்டு இருந்த இடத்தில் எஞ்சின் படம் போட்ட மஞ்சள் விளக்கு ஒன்று தெரிந்தது. வண்டியை ஸ்டார்ட் செய்து பார்த்தேன். மற்ற விளக்குகள் எல்லாம் அணைந்தன. அது மட்டும் அணையவில்லை.

கணவரைக் கூப்பிட்டேன். குனிந்து பார்த்தார்.

"ஈரத்துணி போட்டா தொடச்ச?"

"ஆமா."

"தண்ணி உள்ள எறங்கிக்கீது. நல்லா இருந்த வண்டிய கெடுத்து வெச்சிட்டியே. ஞாயித்துக்கெழம வர்றவருக்கு இன்னா பதில் சொல்றது?"

மலையடிவாரத்து மெக்கானிக்குக்குப் போன் போட்டேன். கையில் இரண்டு வண்டி பிரித்துக் கிடக்கிறது, திங்கட்கிழமை கொண்டு வாங்க என்றார். திங்கட்கிழமைக்குள் வண்டி வேறு ஊரில் இருக்கும்.

கணவர் கொஞ்ச நேரம் தாடையைச் சொறிந்தார். பிறகு குரலைத் தாழ்த்தி, "கொஞ்சம் சந்தனம் கொழச்சி அதே எடத்துல வெச்சுடு. யாருக்குத் தெரியப் போவுது?" என்றார்.

எனக்கு வந்ததே கோபம். "சாமி பேர சொல்லி ஆள ஏமாத்தச் சொல்றீங்களா? நீங்க போய் மாட்டப் பாருங்க. நா பாத்துக்கறேன்" என்றேன். எதைப் பார்த்துக்கொள்வேன் என்று எனக்கே தெரியாது.

அப்போதுதான் அந்தக் கறுப்பு டப்பா நினைவுக்கு வந்தது. வண்டியை விற்றவர் முன்பக்கப் பெட்டியில் விட்டுப்போனது. தீப்பெட்டியைவிடக் கொஞ்சம் பெரிது, ஒரு முனையில் இரண்டு வரிசையாகப் பதினாறு ஊசிகள். இரண்டு வருஷமாக அதை ஏதோ சார்ஜர் என்றே நினைத்திருந்தேன். ஒருதரம் கொசுவிரட்டியோ என்று வீட்டு சுவர் பிளக்கில் வைத்துப் பார்த்து, சேராமல் திட்டியிருக்கிறேன். இப்போது அதை எடுத்துக்கொண்டு, ரோட்டோரப் புளியமரம்வரை வண்டியை ஓட்டிப் போனேன். எங்கள் ஊரில் அந்த மரத்தடியில்தான் நெட் கிடைக்கும். டப்பாமேல் இருந்த எழுத்துகளைப் போனில் போட்டுத் தேடினேன். அது வண்டியின் கோளாறைப் படிக்கிற கருவியாம். ஒவ்வொரு காரிலும் அதற்கென்று ஒரு துளை இருக்கிறதாம், டிரைவர் பக்கம், டேஷ்போர்டுக்குக் கீழே.

கீழே என்று சொல்வது சுலபம். கதவைத் திறந்து, சீட்டைப் பின்னால் தள்ளி, புடவையைச் செருகிக்கொண்டு, தலையைப் பெடல்களுக்குப் பக்கத்தில் கொண்டுபோனேன். கால் இரண்டும் ரோட்டில். போன் டார்ச்சைப் பல்லால் கடித்துக்கொண்டேன். முதலில் ஒரு பிடியை இழுத்தேன், டப்பென்று பானெட் திறந்துகொண்டது. அடுத்து ஒரு மூடியைக் கழற்றினேன், உள்ளே வரிசையாக ஃபியூஸ்கள். பயந்து மூடிவிட்டேன். புளியங்கொட்டை இரண்டு, ஒரு ஹேர்பின், போன வருஷம் தொலைந்த நூலகச் சீட்டு எல்லாம் கிடைத்தன. தரைவிரிப்பின் ஓரத்தில் சாமை மணிகள் சிதறிக் கிடந்தன. சாமை இங்கே எப்படி வந்தது என்று அப்போது யோசிக்கவில்லை.

விறகுச் சுமையோடு போன பக்கத்து வீட்டுக்காரி நின்றுவிட்டாள்.

"இன்னாக்கா, வண்டிக்குப் பிரசவம் பாக்கறியா?"

"தலை திரும்பிக்கீதுடி, போடி" என்றேன், டார்ச் வாயிலிருந்து விழுந்தது. விழுந்த வெளிச்சம் மேலே பாய்ந்தது. அங்கே இருந்தது துளை. ஒரு பக்கம் அகலம், ஒரு பக்கம் குறுகல், இரண்டு வரிசையில் பதினாறு பொந்து. மேலிருந்து பார்த்தால் ஜென்மத்துக்கும் தெரியாது. டப்பாவைத் திருப்பி வைத்து அழுத்தினேன். கச்சிதமாக உட்கார்ந்து, சின்னதாக ஒரு சிவப்பு விளக்குப் போட்டது. எனக்கு அப்படி ஒரு சந்தோஷம். ரோட்டில் படுத்தபடியே சிரித்தேன்.

அதற்கான ஆப்பைப் போனில் இறக்கினேன். சாவியைத் திருப்பி, எஞ்சினை ஸ்டார்ட் செய்யாமல், புளூடூத்தில் இரண்டையும் சேர்த்தேன். கோளாறு ஒன்றுதான் இருந்தது. ஒரு ஆங்கில எழுத்து, நான்கு எண். அதையும் தேடிப் பார்த்தேன். புகைக் குழாயில் உட்கார்ந்து புகையை மோந்து பார்க்கிற சென்சார் ஒன்று உண்டாம், அதைச் சூடாக்கும் கம்பியில் மின்சாரம் போகவில்லையாம். வண்டி ஓடும், பெட்ரோல் கொஞ்சம் அதிகம் குடிக்கும், அவ்வளவுதான். பெரிய வியாதி இல்லை.

அடுத்த பக்கத்தைத் தள்ளியபோது இன்னொரு வரி வந்தது. விளக்கு எரியத் தொடங்கிய பிறகு வண்டி ஓடிய தூரம்: அறுநூற்று எட்டு கிலோமீட்டர்.

திரும்பத் திரும்ப அதையே பார்த்தேன். விளக்கு இன்றைக்கு எரியவில்லை. என் ஈரத்துணியால் எரியவில்லை. ஆயுத பூஜை முடிந்த கொஞ்ச நாளிலேயே எரிய ஆரம்பித்து, நான் வைத்த பொட்டுக்குக் கீழேயே ஒன்றரை மாசமாக எரிந்துகொண்டிருந்திருக்கிறது. வண்டி கத்திக்கொண்டே இருந்திருக்கிறது, நான் அதன் வாயில் சந்தனத்தை அப்பிவிட்டுப் பாட்டுக் கேட்டுக்கொண்டு ஓட்டியிருக்கிறேன்.

வீட்டுக்கு வந்ததும் போனைக் கணவர் முகத்துக்கு நேரே நீட்டினேன். தண்ணிதான் காரணம் என்றீர்களே, பாருங்கள் என்று ஜெயித்த குரலில் விளக்கினேன். அவர் சண்டைக்கு வருவார் என்று எதிர்பார்த்தேன். வரவில்லை. அந்த அறுநூற்று எட்டையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"அறுநூறுன்னா... ஆறு வாட்டி எறங்கிட்டு வந்துக்கிற. கோளாறு வண்டியில."

"வண்டிக்கு ஒண்ணும் ஆவலியே."

"எங்கனா வளைவுல நின்னு போயிருந்தா? அந்த எடத்துல போன் கூட எடுக்காது." பிறகு மாட்டுத் தொழுவத்தைப் பார்த்துக்கொண்டு சொன்னார்: "நீ எறங்கிப் போனேன்னா, திரும்பி உன் ஹாரன் சத்தம் கேக்கற வரைக்கும் எனக்கு ஒரு வாய் சோறு எறங்காது. ரெண்டு வருசமா இதான் பொழப்பு. அதான் வித்துத் தொலைக்கலாம்னு வாக்கு குடுத்தேன்."

இரண்டு வருஷமாக நான் மாற்றி மாற்றி வைத்த குழம்புகள் வரிசையாக நினைவுக்கு வந்தன. கோபமும் வந்தது, பாசமும் வந்தது. கோபம்தான் வாயில் வந்தது. "இத்த வாயத் தொறந்து சொல்றதுக்கு இன்னாங்க?" என்றேன். அவர் மாட்டுக்குத் தண்ணீர் காட்டப் போனார்.

மறுநாள் காலை எஞ்சின் சில்லென்று இருக்கும்போது பானெட்டைத் திறந்தேன். புகைக் குழாயிலிருந்து கிளம்பும் ஒயரை விரலால் பிடித்துக்கொண்டே மேலே போனேன். ஒரு மூலையில் கந்தல் துணி, பஞ்சு, கைப்பிடிச் சாமை உமி. எலி குடித்தனம் நடத்தியிருக்கிறது. குடித்தனத்துக்குப் பக்கத்திலேயே ஒயரில் ஒன்று கடிபட்டு அறுந்திருந்தது. தரைவிரிப்பில் கிடந்த சாமைக்கும் விடை கிடைத்துவிட்டது. எங்கள் வீட்டு வழக்கப்படி, அறுத்த புதுத் தானியம் கோயிலில் படைக்காமல் வாசற்படி தாண்டி உள்ளே வரக் கூடாது. இந்த வருஷம் படையல் நான்கு நாள் தள்ளிப்போயிற்று. மழை மேகம் வேறு. வெளியே வைக்க முடியாத மூட்டையைப் படி தாண்டாமல், நனையாமல் வைக்க என் கணவர் கண்டுபிடித்த இடம் கார் டிக்கி.

"உங்க பக்திக்கு எலி வந்துச்சு, எம் பக்தி அத்த மறைச்சிச்சு" என்றேன். உமியைக் கையில் எடுத்துப் பார்த்துவிட்டு முதல் தடவையாகச் சிரித்தார்.

அங்கேதான் எனக்கு ஒரு புத்தி வந்தது. ஒயரை அப்படியே விட்டுவிட்டால் விளக்கு எரியும். எரிகிற விளக்கைப் பார்த்தால் வருகிறவர் வேண்டாம் என்று போய்விடுவார். வண்டி தங்கிவிடும். சரிசெய்தால் என் கையாலேயே வண்டியை வழியனுப்பி வைத்த மாதிரி. பானெட்டைப் பிடித்துக்கொண்டு ரொம்ப நேரம் நின்றேன். சந்தனம் குழைக்கச் சொன்னதற்கு அவரைத் திட்டிய வாய், இப்போது எலிக்கடியை ஒளித்து வைக்கலாமா என்று கேட்கிறது. வெட்கமாக இருந்தது. கத்தியையும் இன்சுலேஷன் டேப்பையும் எடுத்து வந்தேன்.

பேட்டரி ஒயரைக் கழற்றிவிட்டு, அறுந்த இரண்டு முனையையும் சீவி, முறுக்கி, டேப் சுற்றி, சூட்டுக் குழாயில் படாதபடி தூக்கிக் கட்டினேன். பேட்டரியை மாட்டி, டப்பாவில் கோளாறை அழிக்கச் சொன்னேன். ஸ்டார்ட் செய்ததும் எல்லா விளக்கோடும் சேர்ந்து மஞ்சள் விளக்கும் அணைந்தது. ஊர் எல்லைவரை இரண்டு சுற்றுப் போய் வந்தேன். விளக்கு மறுபடி வரவில்லை. கைதட்ட வேண்டும் போலவும் இருந்தது, அழ வேண்டும் போலவும் இருந்தது.

ஞாயிற்றுக்கிழமை சொன்னபடி அவர் வந்துவிட்டார். கண்ணமங்கலத்தில் கடை வைத்திருப்பவர், நல்ல மனிதர். எலி கடித்ததையும் நான் ஒட்டுப்போட்டதையும் மறைக்காமல் சொன்னேன். "அது ஒண்ணும் பெருசில்லீங்க" என்றார். இரண்டு வளைவு இறங்கி ஏறி ஓட்டிப் பார்த்தார். இறங்கும்போதே முகம் மலர்ந்திருந்தது.

"வண்டி சூப்பரா கீதுங்க. இன்னிக்கே எடுத்துனு போய்ட்றேன்" என்று கணவரிடம் கை நீட்டினார்.

கணவர் அந்தக் கையைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். தொண்டையைச் செருமிக்கொண்டு, "வண்டி அவங்களுதுங்க. நா முந்திரிக்கொட்ட மாதிரி வாக்கு குடுத்துட்டேன். அவங்களக் கேளுங்க" என்றார்.

இரண்டு வருஷத்தில் அவர் அப்படிச் சொன்னது அதுதான் முதல் தடவை. நான் யோசிப்பது போல ஒரு நிமிஷம்கூட நடிக்கவில்லை. "குடுக்கறதா இல்லீங்க" என்றேன்.

"அப்புறம் எதுக்குங்க அவ்ளோ தூரத்துலருந்து மலையேத்தினீங்க?" என்று அவர் கோபித்துக்கொண்டார். நியாயமான கோபம். இரண்டு தடவை மன்னிப்புக் கேட்டு, டீ கொடுத்து, புதுச் சாமை ஒரு பை கட்டிக் கொடுத்து, ஜீப் ஏற்றிவிட்டோம்.

திங்கட்கிழமை மெக்கானிக்கிடம் ஒயரைக் காட்டினேன். என் முடிச்சைப் பிரித்து, ஈயம் பற்றவைத்து, உறை போட்டுக் கொடுத்தார். "யார் கட்டினது?" என்று கேட்டார். நான்தான் என்று கொஞ்சம் சத்தமாகவே சொன்னேன்.

அதற்குப் பிறகு ஒவ்வொரு திங்கட்கிழமை காலையும் என் கணவர் டேஷ்போர்டுக்குக் கீழே தலையை விட்டு, கால் இரண்டும் வெளியே நீட்டி, டப்பாவைச் செருகுகிறார். என் போனை வாங்கி, "கோளாறு எதுவும் இல்ல" என்று சத்தமாகப் படித்துவிட்டுத்தான் சாவியைத் தருகிறார். அந்த டப்பா வண்டியைத்தான் பார்க்கும், வளைவையும் மழையையும் எதிரே வரும் லாரியையும் பார்க்காது. அவருக்கும் அது தெரியும். நான் சாவியை வாங்கிக்கொண்டு கிளம்புகிறேன்.

போன திங்கட்கிழமை நூலகத்தில் நேரமாகிவிட்டது. பயந்துகொண்டேதான் ஏறி வந்தேன். சமையல்கட்டில் போய்ப் பார்த்தால், மூடி வைத்த பாத்திரம் காலியாக இருந்தது. தட்டு கழுவிக் கவிழ்த்திருந்தது. குழம்பு எப்போதும் வைக்கிற அதே புளிக்குழம்புதான்.