ஊடல் எழுதிப் பிழைத்த கதை

கணவன் மனைவி சண்டையை எழுதிப் பிழைப்பதைப் போல மானம் போகிற தொழில் வேறு கிடையாது. யுத்த காலத்தில் சேலத்திலிருந்து வந்துகொண்டிருந்த ஒரு மாதப் பத்திரிகையில் எனக்கு அந்த வேலைதான். இதழுக்கு ஓர் ஊடல் கதை. அவள் கோபித்துக்கொள்ள வேண்டும், அவன் கெஞ்ச வேண்டும், கடைசிப் பாராவில் இருவரும் சிரிக்க வேண்டும். உங்களில் கல்யாணமானவர்கள் வீட்டில் படுகிற பாட்டை நான் ஆபீசில் பட்டேன். அதனால் நீங்களெல்லாம் என் கட்சி என்று நினைத்துத்தான் சொல்கிறேன்.

முதல் கதை

அப்போது எனக்குக் கல்யாணம் ஆகவில்லை. ஹோட்டல் சாப்பாடு. ஆசிரியரின் வீடு அஸ்தம்பட்டியில் இருந்தது. எந்தக் கதையானாலும் முதலில் அவர் மனைவி படித்துப் பார்க்க வேண்டும். என் கதாநாயகன் பூ வாங்கிவர மறந்துவிடுகிறான். கதாநாயகி அவனோடு பேசாமல் அறைக்குள் போய்த் தாழ்ப்பாள் போட்டுக்கொள்கிறாள். நாள் கணக்கில் வெளியே வரவில்லை. வீணை மட்டும் கேட்கிறது. அவன் கதவுக்கு வெளியே நின்று உருகுகிறான். எனக்கே கண் கலங்கிய இடம் அது.

அந்த அம்மாள் கடைசி வரை படித்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றினார். ஆசிரியர் என்னைப் பெருமையோடு பார்த்துக்கொண்டிருந்தார். நான் பாராட்டை வாங்கிக்கொள்ளத் தலையைக்கூடக் கொஞ்சம் தாழ்த்திவிட்டேன்.

"ஏன் தம்பி, அவ உள்ளார வீணை வாசிச்சிட்டு இருந்தப்ப இவனுக்குச் சோறு ஆக்கிப் போட்டது யாரு?"

கரி பஸ்ஸில்

சமையல் தெரியாதது போகட்டும், சண்டையாவது நேரில் பார்த்துத் தெரிந்துகொள்வோம் என்று காதைத் தீட்டிக்கொண்டு திரிந்தேன். ஒருநாள் சங்ககிரிக்கு, பெட்ரோல் கிடைக்காமல் கரி வாயுவில் ஓடிய கரி பஸ்ஸில் போகும்போது என் முன் சீட்டில் புதுத் தம்பதி. மாமியாருக்கு எடுத்த புடவை பெண்டாட்டிக்கு எடுத்ததைவிட நல்ல புடவையாகப் போய்விட்டது. அவள் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டு பேசினாள். அவன் குசுகுசுவென்று சமாதானம் சொன்னான். எனக்கு அமிர்தமாக இருந்தது. ஒரு மேட்டில் ஏற முடியாமல் பஸ் நின்றது. டிரைவர் இறங்கிக் கரி அடுப்பைக் கிளறப் போனார். இரைச்சல் நின்றதும் அவர்கள் குரலைத் தணித்துக்கொண்டார்கள். ஒரு வார்த்தையும் விட மனமில்லாமல் நான் முன்னால் சாய்ந்தேன். என் மூக்கு அவள் தோளுக்கு மேலே வந்துவிட்டது எனக்குத் தெரியவில்லை.

இருவரும் ஒரே சமயத்தில் திரும்பிப் பார்த்தார்கள். அதுவரை முகம் கொடுக்காதவள் புருஷன் கையைப் பிடித்துக்கொண்டாள். பஸ் முழுக்கக் கேட்கும்படி அவன்தான் கேட்டான்.

"ஏனுங்க, நாங்க பேசறது சரியாக் கேக்குதுங்களா, இன்னுங் கொஞ்சம் சத்தமாப் பேசட்டுங்களா?"

நாமக்கல்லிலிருந்து ஒருவர்

கேலியோடு போன அவமானங்கள் இவை. இனி வருவது அப்படியல்ல. என் கதைகளிலேயே பேர் வாங்கிய கதை ஒன்றில், புருஷன் வேடிக்கைக்காக முகத்தை இறுக்கிக்கொண்டு, "எனக்கு வேறு பெண் பார்த்திருக்கிறார்கள்" என்று சொல்லுவான். அவள் அழுவாள், உண்மை தெரிந்ததும் விசிறியால் அடிப்பாள், இருவரும் சிரிப்பார்கள். பாராட்டிக் கடிதங்கள் வந்தன. நானும் தெருவில் கொஞ்சம் நிமிர்ந்து நடந்தேன்.

அந்த இதழைச் சுருட்டிக் கையில் வைத்துக்கொண்டு சென்னியப்பன் என்ற விவசாயி ஆபீசுக்கு வந்தார். நாமக்கல் பக்கம். முப்பது வயதிருக்கும். தன் கடலைக்காட்டில் காய் பறித்துக்கொண்டிருந்த பெண்களுக்கு நடுவில் தன் மனைவி அலமேலுவிடம் அப்படியே சொல்லிப் பார்த்தாராம். அவள் அழவும் இல்லை, அடிக்கவும் இல்லை. கூடையைக் கீழே வைத்துவிட்டு வாழப்பாடிக்கு, தாய் வீட்டுக்குப் போய்விட்டாள். விளையாட்டுக்குச் சொன்னேன் என்று இவர் போய்க் கெஞ்சியும் நம்பவில்லை. அவர் என்மேல் கோபப்படவில்லை. பட்டிருந்தால் தேவலாம். மேஜைமேல் இதழை விரித்து, விரலை வைத்துக் காட்டினார்.

"உங்க கதையில அடுத்த பக்கத்துலயே சிரிச்சுப் போடறாளுங்க. என்ற ஊட்டுக்காரி எத்தனாவது பக்கத்துல வருவாளுங்க?"

வாழப்பாடியில்

மறுநாள் நானும் அவரோடு போனேன். அலமேலு வாசலில் தானியம் புடைத்துக்கொண்டிருந்தாள். இந்தப் பேச்சு என் கற்பனை, உன் புருஷனுக்கு வேறு நினைப்பில்லை என்று நான் சொல்லச் சொல்ல முறத்தை நிறுத்தாமல் கேட்டாள். பிறகு சென்னியப்பனைப் பார்த்து, "என்னை எந்தக் காட்டுல வெச்சுச் சொன்னியோ, அதே காட்டுல, அதே பொம்பளைங்க முன்னால பொய்யின்னு சொல்லு. சொல்லுவியா?" என்றாள். அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "சொல்றேன் புள்ள. இப்பவே வா, சொல்றேன்" என்றார். அவள் எழுந்து உள்ளே போய் மூட்டையோடு வந்தாள்.

பஸ் வரும்வரை மூவரும் புளியமரத்தடியில் நின்றோம். நல்லபடியாக முடிந்த மகிழ்ச்சியில் நான் எதையோ பேசிச் சிரிக்கக்கூடச் செய்தேன். அவள் சிரிக்கவில்லை. சென்னியப்பன் தண்ணீர் குடிக்கத் தள்ளிப் போனபோது மெதுவாகக் கேட்டாள்.

"கல்யாணமாகி ஏழு வருசமாச்சு, எனக்குப் புள்ள இல்ல. உங்க கதையில வந்த பொண்ணுக்குப் புள்ள இருந்துச்சுங்களா?"

அந்தப் பெண்ணுக்கு ஒரு பெயரும் விசிறியும் தவிர நான் எதுவும் கொடுத்திருக்கவில்லை. அலமேலு கேட்டபடியே காட்டில் சொல்லிவிட்டதாகப் பின்னால் சென்னியப்பன் சந்தைக்கு வந்தபோது தெரிவித்தார். இனி பத்திரிகை வாங்குவதில்லை என்பதையும் மரியாதையாகச் சொன்னார்.

என் வீட்டில்

அதற்கப்புறம் எனக்கும் கல்யாணமாயிற்று. மனைவிக்குச் சங்ககிரி. என் கதைகளை ஒன்று விடாமல் படித்தவள் என்று சொல்லித்தான் பெண் கொடுத்தார்கள். ஒருநாள் மண்ணெண்ணெய் வாங்க அனுப்பினாள். வரிசையில் நின்ற நண்பரோடு இலக்கியம் பேசிக்கொண்டே வரிசையைவிட்டு வந்துவிட்டேன். காலி டின்னைப் பார்த்து அவள் முகம் சிவந்தது. சமாளிக்க வேண்டுமே. கிட்டப் போய், குரலைக் குழைத்து, "கோபத்தில்கூட நீ எவ்வளவு அழகு!" என்றேன்.

"இது ஆவணி மாசத்துக் கதையிலயே வந்துருச்சுங்க. இப்ப விளக்குக்கு என்ன பண்றதுன்னு சொல்லுங்க."

ஊரார் ஊடலையெல்லாம் ஒரே பாராவில் தீர்த்துவைத்த எனக்கு, சொந்த வீட்டில் வாயை மூடிக்கொண்டு மறுபடி போய் வரிசையில் நிற்பதைவிட நல்ல முடிவு இன்றுவரை தோன்றவில்லை.