ஆறு முதுகுகள்

இதை நம்பாதவர்கள் நம்ப வேண்டாம், எனக்கொன்றும் நஷ்டமில்லை. ஆனால் அன்று ஹெர்டிஸுக்குப் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்திருந்தவன் நான். ராத்திரிகூட இல்லை. ஜூன் மாதம். எங்கள் வடக்கு நார்வேத் தீவில் சூரியன் மறையாத நாட்கள்.

எய்விண்ட் என்ற இளைஞன் திரைப்படக் காப்பகத்திலிருந்து ஒரு பழைய ஊமைப்படம் கொண்டுவந்திருந்தான். ஹெர்டிஸ் பிறப்பதற்குச் சில மாதங்கள் முன்பு எங்கள் படகுத்துறையில் யாரோ எடுத்தது. அதில் வரும் முகங்களுக்கு ஊர்க்காரர்கள் பெயர் சொல்ல வேண்டும். ஊர்க் கூடத்து ஜன்னல்களில் கறுப்புத் துணி கட்டி, காப்பியும் வாஃபிளும் வைத்திருந்தார்கள்.

ஹெர்டிஸ் வந்தது ஒரே ஒரு முகத்துக்காக. அவள் வயிற்றில் இருக்கும்போதே அப்பா கடலோடு போய்விட்டார். இருந்த ஒரே கல்யாணப் போட்டோவும் வீடு எரிந்தபோது சாம்பலாயிற்று. தலை நரைத்தும் பெற்ற அப்பனின் முகம் தெரியாது. பாவம், காலையிலிருந்து ஒரு வாய் சாப்பிடவில்லை.

மீன் காயவைக்கும் பெண்கள் திரையில் வந்தார்கள்.

"அட, எங்க அத்தை! அந்த மூக்கைப் பாருங்க, தொப்பியே மாட்டலாம்!" என்றார் கிழவர் பெடர். கூடமே சிரித்தது.

அடுத்து ஒரு படகு கிளம்பியது. ஆறு ஆண்கள். ஆறு முதுகுகள்.

பெடரின் சிரிப்பு நின்றது. "ஹெர்டிஸ்... இது அவங்க கடைசியாப் போனது. அந்தக் கோடு போட்ட தொப்பிதான் உங்கப்பா."

"மூஞ்சி?"

"மூஞ்சி எப்படித் தெரியும்? படகேறினவன் திரும்பிப் பாப்பானா?"

எங்கள் ஊர்க் கட்டுப்பாடு அது. படகேறியவன் கரையைத் திரும்பிப் பார்க்கக் கூடாது; பார்த்தால் படகு வீடு திரும்பாது. கரையில் நிற்பவர்கள் கூப்பிடவும் கூடாது.

"இன்னொரு தடவை போடுப்பா," என்றாள் ஹெர்டிஸ்.

போட்டான். ஆறு முதுகுகள். ஆனால்... அந்தத் தொப்பி லேசாகச் சாய்ந்திருந்தது, எதையோ காதுகொடுத்துக் கேட்பதுபோல. முதல் தடவை அப்படி இல்லை. சத்தியமாக இல்லை.

"இன்னொரு தடவை."

டுக்... டுக்... டுக்...

படகு எஞ்சின் சத்தம். ஊமைப்படத்தில்!

எய்விண்ட் ஒலிபெருக்கியைப் பார்த்தான். அதன் ஒயர் தரையில் கிடந்தது.

ஹெர்டிஸ் எழுந்தாள். கையைப் பிடித்தேன். உதறினாள்.

"அப்பா!"

தொப்பி திரும்பியது.

இளம் முகம். சிரித்தது. கண்கள் யாரையோ தேடின... அவள்மேல் வந்து நின்றன.

திரை வெளுத்தது.

எய்விண்ட் மறுபடி போட்டான். ஐந்து முதுகுகள். ஒரு முகம். இன்றைக்கும் அந்தப் படம் அப்படித்தான் இருக்கிறது.

மறுநாள் என்னையும் இழுத்துக்கொண்டு முதியோர் இல்லத்துக்கு ஓடினாள்.

"அம்மா! அப்பா மூஞ்சியப் பாத்துட்டேன்! படத்துல திரும்பிப் பாத்தாரும்மா!"

அவள் அம்மா பெட்ரீனா காப்பிக் கோப்பையைக் கீழே வைத்தாள்.

"அதத்தானேடி இத்தனை வருஷம் உங்கிட்ட மறைச்சேன். அன்னைக்குக் கரையிலேர்ந்து யாரோ ஒருத்தி 'அப்பா'ன்னு கூப்பிட்டா. அவரை அப்பான்னு கூப்பிட ஊர்ல யாரு இருந்தா? நீ என் வயித்துல. அவரும் சிரிச்சுக்கிட்டே திரும்பிட்டார். ஆறு பேர்ல ஒருத்தரும் வீடு வரல."

"கூப்பிட்டது யாரு?" நான்தான் கேட்டேன். ஹெர்டிஸ் கேட்கவில்லை.

"ஆளைப் பாக்கல தம்பி. கரகரன்னு வயசான குரல். இன்னும் காதுலயே நிக்குது. வேடிக்கையப் பாரேன்... வயசாக ஆக இவ குரலும் அதே மாதிரி ஆயிட்டு வருது. இல்லடி?"

ஹெர்டிஸ் பதில் சொல்ல வாயைத் திறந்தாள்.

சட்டென்று மூடிக்கொண்டாள்.